பின்பாட்டுக்கு என்ன மரியாதை?

பெங்களூரு காக்ஸ் டவுனில் நாங்கள் குடியிருந்த வீட்டின் பின்கட்டில் பாத்திரம் தேய்த்துக்கொண்டே அம்மா பாடுவாள். எல்லாம் சர்ச்சில் பாடும் பாமாலைப் பாட்டுகள். கேட்டுக் கேட்டு அந்த மெட்டுகள் எனக்கு மனப்பாடமாகியிருந்தன. ஏழு வயதில் முதல்முறையாகச் சர்ச்சில் கொயருக்கு அடுத்த பெஞ்சில் உட்கார்ந்தபோது குழம்பிப்போனேன். சொல்லெல்லாம் அம்மா பாடியதுதான். மெட்டு வேறாக இருந்தது. காதைத் தீட்டிக்கொண்டு கேட்டால், அத்தனை குரல்களுக்கும் நடுவில் அம்மாவும் இன்னும் இரண்டு அக்காமாரும் எனக்குத் தெரிந்த மெட்டைப் பாடிக்கொண்டிருந்தார்கள். அம்மா ஆல்டோ, கொயரில் முதன்மை மெட்டுக்குக் கீழே ஓடும் பெண்குரல். இருபது வருஷம் ஆல்டோவாகவே நின்றதில், தனியாக இருக்கும்போதும் அவளுக்கு அதுவே பாட்டாகிவிட்டது. பாமாலையின் முதன்மை மெட்டை அவள் பாடி நான் கேட்டதே இல்லை.

பல வருஷம் கழித்து ஒரு நண்பரின் வீட்டில் சுமத்திராத் தீவின் பத்தாக் மக்களுடைய மூவர் பாட்டைக் கேட்டேன். ஒரு கிதார், மூன்று ஆண்குரல். மூவரும் ஒரே சொல்லை ஒரே கணத்தில் சொல்கிறார்கள். மூவர் பாடுவதும் மூன்று சுரம். யார் முதல்வர், யார் துணை என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை. பின்கட்டில் கேட்ட அந்த ஆல்டோவுக்கு உலகத்தில் எங்கோ முழு மரியாதை கிடைத்திருக்கிறது என்றுதான் அப்போது தோன்றியது. சேர்ந்து பாடும்போது யார் யாருக்கு எந்த இடம், அந்த இடத்தை ஒரு சமூகம் எப்படித் தீர்மானிக்கிறது என்று அன்றிலிருந்து கவனித்துவருகிறேன். தமிழ்நாட்டிலும் நான் வாழும் இந்த ஊரிலும் சேர்ந்து பாடுவதற்குப் பல வழிகள் உண்டு. ஒவ்வொன்றும் அந்தக் கேள்விக்கு ஒவ்வொரு விடை சொல்கிறது.

முதலில் பத்தாக் கதை. வட சுமத்திராவின் மலைநாட்டில், ஏறத்தாழ 74,000 ஆண்டுகளுக்கு முன் வெடித்த மாபெரும் எரிமலையின் குழியில் தோபா ஏரி கிடக்கிறது. சுமார் 100 கிலோமீட்டர் நீளம். நடுவில் சமோசிர் தீவு. இந்த ஏரியைச் சுற்றி வாழ்பவர்கள் தோபா பத்தாக் மக்கள். 1862இல் சுமத்திராவுக்கு வந்த ஜெர்மானிய லூத்தரன் மிஷனரி நொம்மென்சென் 1918இல் அந்த மண்ணிலேயே இறந்தார். அவருடைய ரைன் மிஷன் கொண்டுவந்த ஞானப்பாட்டுகள் நான்கு குரலில் பாடப்படுபவை. கூடவே வந்தது ஓர் இழப்பு. 'கொண்டாங்' எனப்படும் பரம்பரை மேளத்தை முன்னோர் வழிபாட்டோடு சேர்த்துப் பார்த்த திருச்சபை, பல ஆண்டுகள் அதை ஒதுக்கிவைத்தது. சுருதி கூட்டிய பறைவரிசையும், நம் நாதஸ்வரத்துக்குத் தூரத்து உறவான 'சருனே' என்ற ஊதுகருவியும் சேர்ந்த மேளம் அது. அதன் இடத்தில் பித்தளை வாத்தியங்கள் புகுந்தன.

இதற்குப் பிறகு நடந்ததுதான் எனக்கு வியப்பு. கோயிலில் கற்ற நான்குகுரல் பாட்டை பத்தாக் மக்கள் 'லாப்போ' எனப்படும் கள்ளுக்கடைக்குக் கொண்டுபோனார்கள். மாலையில் வேலை முடித்து வந்த ஆண்கள் பனைக்கள்ளை முன்னால் வைத்துக்கொண்டு, கிதாரை மீட்டி, ஞாயிற்றுக்கிழமை கற்ற ஒத்திசையில் காதலையும் தாயையும் ஊரையும் பாடினார்கள். 1920களில் தில்ஹாங் குல்தோம் தொடங்கிய பத்தாக் ஒப்பேரா என்ற நாடகக் குழு இந்தப் பாட்டுகளை ஊர் ஊராகச் சுமந்தது. நாஹும் சிதுமோராங் (1908–1969) எழுதிக் குவித்த பாட்டுகள் கள்ளுக்கடைக்கும் கல்யாணப் பந்தலுக்கும் பொதுச்சொத்தாயின. 1970, 80களில் ஒலிநாடா வந்தபோது மூவர் குழுக்கள் பெருகின. திரியோ லசிடோஸ், திரியோ அம்பிசி, திரியோ அம்சிசி என்று எத்தனையோ பெயர்கள். ஜகார்த்தாவில் பேருந்து ஓட்டும் பத்தாக் ஆளின் வண்டியில் இந்த நாடாக்கள்தான் ஓடின. பிழைப்புக்காக ஊரைவிட்டுப் போவது அவர்களுக்கு வாழ்க்கைமுறை. 'மெரந்தாவ்' என்று அதற்கு இந்தோனேசியாவில் ஒரு தனிச்சொல்லே இருக்கிறது. பிரிந்து போகும் மகனுக்குப் பெற்றவர் சொல்லும் புத்திமதி மூவர் பாட்டின் நிரந்தரப் பொருள்களில் ஒன்று.

குரலின் அமைப்பை அருகில் போய்க் கேட்க வேண்டும். ஒருவர் மெட்டைப் பிடிக்கிறார். இன்னொருவர் அதற்கு மூன்றாவது சுரத்தில், பெரும்பாலும் மேலே, தொண்டையை முழுக்கத் திறந்து பாடுகிறார். மூன்றாமவர் கீழே நின்று இடைவெளியை நிரப்புகிறார். இதில் மென்மை இல்லை. மலைக்கு மலை கேட்கும்படி பாடுகிற குரல்கள். உச்சத்தில் மெட்டு கைமாறுவதும் உண்டு. அதுவரை துணையாக இருந்தவர் சட்டென்று தனித்து எழுவார். மற்ற இருவரும் அவருக்குக் கீழே இறங்கிப் பந்தல் போடுவார்கள்.

பத்தாக் உறவுமுறையின் பெயர் 'தலிஹான் நா தோலு'. பொருள்: மூன்று அடுப்புக்கல். ஒரே குலத்தில் பிறந்தவர்கள் ஒரு கல். பெண் கொடுத்த வீட்டார் ஒரு கல். பெண் எடுத்த வீட்டார் ஒரு கல். பெண் கொடுத்தவரை வணங்கு, பெண் எடுத்தவரை அரவணை, கூடப்பிறந்தவரிடம் கவனமாக இரு என்பது அவர்கள் நெறி. தமிழருக்கு இதை விளக்கத் தேவையில்லை. பங்காளி, மாமன் வீடு, சம்பந்தி வீடு என்று நாம் சொல்வது இதைத்தான். பங்காளியிடம் கவனமாக இரு என்பதை நமக்கு யாரும் கற்றுத்தர வேண்டியதும் இல்லை! தாய்மாமன் மகளை மணப்பது அங்கும் முறை. 'பரிபான்' என்று அவளுக்குப் பெயர். பேரன் பேத்தி கண்டு நிறைவாழ்வு வாழ்ந்தவர் இறந்தால் அங்கும் அது கல்யாணச் சாவு, ஆட்டபாட்டத்தோடு வழியனுப்புவார்கள். இவற்றில் முக்கியமானது, மூன்று கல்லில் எதுவும் நிரந்தரமாக உயர்ந்ததில்லை என்பது. இன்றைய விருந்தில் நான் பெண் கொடுத்தவன், எனக்கு மரியாதை. நாளைய விருந்தில் பெண் எடுத்தவன், நான் சமைத்துப் பரிமாற வேண்டும். குரல்கள் இடம் மாறிக்கொள்ளும் மூவர் பாட்டைக் கேட்கும்போது இந்த அடுப்பு நினைவுக்கு வராமல் போகாது.

ஆனால் ஒப்புமையை ஆதாரமாக்கிவிடக் கூடாது. மூவர் பாட்டின் ஒத்திசை ஜெர்மானிய ஞானப்பாட்டிலிருந்து வந்தது, அடுப்புக்கல்லிலிருந்து அல்ல. மூன்று என்ற எண்ணுக்கும் அடுப்புக்கும் தொடர்பு காட்ட என்னிடம் சான்று இல்லை. அந்தப் பாட்டு எங்கே வேர்பிடித்தது, ஏன் அங்கே அவ்வளவு சொந்தமாகிவிட்டது என்பதைப் புரிந்துகொள்ளத்தான் அடுப்பு உதவுகிறது.

இன்னொரு தூண்டிலும் இங்கே தமிழ் வாசகருக்காகக் காத்திருக்கிறது. பத்தாக் மலையின் கற்பூரமும் சாம்பிராணியும் மேற்குக் கரையிலுள்ள பாருஸ் துறைமுகம் வழியாகத்தான் உலகத்துக்குப் போயின. அதற்கு அருகே லோபு துவா என்ற இடத்தில் 1088ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு கிடைத்திருக்கிறது. திசையாயிரத்து ஐந்நூற்றுவர் என்ற வணிகர் குழு வைத்தது. நீலகண்ட சாஸ்திரி 1932இல் அதைப் பற்றி எழுதினார். பிறகு எ. சுப்பராயலு மீண்டும் படித்து விளக்கினார். காரோ பத்தாக் மக்களின் செம்பிரிங் குலத்தில் சோலியா, பாண்டியா, மெலியாலா, பெலாவி என்று உட்பிரிவுகள் இன்றும் உள்ளன. சோழ, பாண்டிய, மலையாள, பல்லவப் பெயர்களாக இவற்றைப் படிப்பவர்கள் உண்டு. எனக்கும் இதைப் படித்த இரவு தூக்கம் வரவில்லை. ஆனாலும் மூவர் பாட்டு நாம் கொடுத்தது என்று சொல்ல இதில் ஓர் எழுத்துகூட இல்லை. நாம் கற்பூரம் வாங்கப் போனவர்கள்.

இனி நம் பக்கம். தமிழில் துணைக்குரலுக்கு என்னென்ன சொற்கள் இருக்கின்றன என்று பாருங்கள். பின்பாட்டுப் பாடுவது, ஒத்து ஊதுவது, ஜால்ரா அடிப்பது, ஆமாம் போடுவது. நான்கும் கலையிலிருந்து வந்தவை. நான்கும் இன்று வசவு. தெருக்கூத்தில் பின்பாட்டுக்காரர் கூத்தாடியின் அடியை வாங்கித் திருப்பிப் பாடும் நேரத்தில்தான் ஆடுகிறவருக்கு மூச்சு வாங்க இடம் கிடைக்கிறது. அவர் குரல் தளர்ந்தால் விடிய விடியக் கூத்து நிற்காது. வில்லுப்பாட்டில் 'ஆமா' போடுகிறவர்தான் கதையின் தாளத்தைக் கையில் வைத்திருக்கிறார். அலசூர் பூப்பல்லக்கு இரவுகளில் சின்ன வயதில் நான் ஒத்து ஊதுகிறவரையே பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறேன். கன்னம் இரண்டும் உப்பியிருக்கும். மூக்கால் இழுத்து வாயால் விட்டு, இடையில் அறுபடாமல் ஒரே சுரம், மணிக்கணக்கில். நாதஸ்வரக்காரர் எங்கே போனாலும் திரும்பி வரும் வீடு அந்தச் சுரம். இன்று அந்த வேலையை மின்சாரச் சுருதிப்பெட்டி செய்கிறது. கலை போய் வசவு மட்டும் தங்கிவிட்டது.

இத்தனைக்கும் இசை என்ற நம் சொல்லுக்கே உடன்படுதல் என்று பொருள். பழந்தமிழ் இசைமரபு சுரங்களுக்கு இடையிலான உறவை இணை, கிளை, நட்பு, பகை என்று மனித உறவின் பெயர்களாலேயே சொன்னது. கிளை என்றால் சுற்றம். சிலப்பதிகார உரைமரபின்படி நின்ற நரம்புக்கு நான்காவது நட்பு, ஐந்தாவது கிளை. மூன்றாவதும் ஆறாவதும் பகை. எந்தக் கணக்கில் எண்ணுவது என்பதில் தமிழிசை ஆய்வாளர்கள் வேறுபடுகிறார்கள். அதனால் இதை அப்படியே இன்றைய சுரங்களுக்குப் பொருத்திவிட முடியாது. ஆனாலும் பத்தாக் மூவருடைய பாட்டே மூன்றாவது, ஆறாவது சுர உறவுகளின் மேல்தான் கட்டப்பட்டிருக்கிறது என்று தெரிந்தவனுக்கு, இந்த இடத்தைப் படிக்கும்போது கை நின்றுவிடுகிறது.

சேர்ந்து பாடும் நம் செவ்வியல் மரபு இரண்டு பேரின் மரபு. 19ஆம் நூற்றாண்டில் மகா வைத்தியநாத ஐயரும் (1844–1893) அண்ணன் ராமசாமி சிவனும் சேர்ந்து பாடினார்கள். அதன் பிறகு ஆலத்தூர் சகோதரர்கள், ராதா–ஜெயலட்சுமி, சூலமங்கலம் சகோதரிகள், பம்பாய் சகோதரிகள் என்று வரிசை நீள்கிறது. நாதஸ்வரத்தில் திருவீழிமிழலை சகோதரர்கள். 'சகோதரர்' என்ற பட்டத்தைச் சற்று நின்று பார்க்க வேண்டும். ஆலத்தூர் சீனிவாச ஐயரும் சிவசுப்பிரமணிய ஐயரும் உடன்பிறந்தவர்கள் இல்லை; சிவசுப்பிரமணிய ஐயரின் தந்தையிடம் இருவரும் ஒன்றாகப் பயின்றவர்கள். ராதாவும் ஜெயலட்சுமியும் ஒன்றுவிட்ட சகோதரிகள். நம் ஊரின் பெங்களூர் பிரதர்ஸ், எம்.பி. ஹரிஹரனும் எஸ். அசோக்கும், தலைப்பெழுத்திலேயே வேறானவர்கள். சேர்ந்து பாடினால் சகோதரர் ஆகிவிடுகிறார்கள். ரத்தம் இல்லாத இடத்திலும் ரத்த உறவின் பெயரை வைத்தால்தான் இரு குரல் ஒன்றாவது நமக்குப் பொருள்படுகிறது. பத்தாக் அடுப்பில் பெண் கொடுத்தவரும் எடுத்தவரும் உண்டு. நம் மேடையில் பங்காளி மட்டும்தான்.

இந்த இணைகளின் இலட்சியம் இரண்டு ஒன்றாவது. வீணை தனம்மாளின் பேத்திகள் பிருந்தாவும் முக்தாவும் பதம் பாடினால், மிக மெதுவான காலத்தில், ஒரு சுரத்திலிருந்து இன்னொன்றுக்கு வழுக்கிப் போகும் வளைவில்கூட இரு குரலும் ஒரே பாதையில் போகும். தங்கை அபிராமசுந்தரி வயலின். பத்தாக் மூவருக்கு நம் நாட்டில் நேரான இணை தேடினால் என் மனம் இந்த மூன்று பெண்களிடம் போய் நிற்கிறது. ஆனால் அவர்கள் செய்தது அதற்கு நேர் எதிரான வேலை. சுரம் பிரிவதில்லை, மறைகிறது. பெண்கள் ஒரு வீட்டில் கூடி வளர்ந்து, ஒரே பாட்டியின் மூச்சைக் கேட்டுப் பழகி, தன் குரல் எது அக்காள் குரல் எது என்ற நினைப்பு அற்றுப்போன பிறகு வருகிற பாட்டு அது. இதைப் பின்பாட்டு என்று யாரும் சொல்லிவிட முடியாது. 1976இல் பிருந்தாவுக்கு சங்கீத கலாநிதி கிடைத்தது.

பெங்களூருக்கு இதில் ஒரு பங்கு உண்டு. ஹாசன் மாவட்டத்தில் காவிரிக் கரையிலுள்ள ருத்ரபட்டணம் என்ற சிற்றூர் கர்நாடகத்துக்கு வித்வான்களை வாரி வழங்கியது. பெங்களூரில் வாழ்ந்த ஆர்.கே. ஸ்ரீகண்டன் (1920–2014) அந்த ஊர்க்காரர். ருத்ரபட்டணம் சகோதரர்கள், ஆர்.என். தியாகராஜனும் ஆர்.என். தாரானாதனும், அதே வழியில் வந்த இணை. அந்த ஊரின் சங்கேதி சமூகத்தார் செங்கோட்டைப் பக்கத்திலிருந்து பல நூற்றாண்டுக்கு முன் புறப்பட்டு வந்தவர்கள் என்பது அவர்களின் வழிவழிச் செய்தி. வீட்டில் பேசும் மொழியில் தமிழும் மலையாளமும் கன்னடமும் கலந்திருக்கின்றன. 1905இல் தொடங்கிய காயன சமாஜத்திலும், சாமராஜப்பேட்டையில் 1939இலிருந்து நடக்கும் ராமநவமிக் கச்சேரிகளிலும் இணைகளைக் கேட்டு வளர்ந்த காதுகள் இந்த ஊரில் ஏராளம்.

இரண்டு, மூன்று என்ற கணக்கைத் தாண்டி நூற்றுக்கணக்கானவர்கள் ஒரே குரலாகப் பாடுவதற்கும் ஒரு பெங்களூர்ப் பெயர் காரணம். தியாகராஜரின் சமாதிக்கு 1920களில் தன் சொத்தைக் கொட்டிக் கோயில் எழுப்பியவர் பெங்களூர் நாகரத்தினம்மாள் (1878–1952). அங்கே பாடும் உரிமை பெண்களுக்கு மறுக்கப்பட்டபோது பெண்களைத் திரட்டித் தனியே ஆராதனை நடத்தினார். 1940களின் தொடக்கத்தில், ஆராதனையைத் தனித்தனியே நடத்திவந்த கட்சிகள் ஒன்றானபோதுதான் பஞ்சரத்தினத்தைக் கோஷ்டியாகப் பாடும் இன்றைய வழக்கம் நிலைபெற்றது. கோஷ்டி கானத்தில் இசை நுட்பம் குறைவு என்று வித்வான்கள் குறைப்படுவதைக் கேட்டிருக்கிறேன். எனக்கு அந்தக் குறை பெரிதாகப் படவில்லை. யாரெல்லாம் அந்தக் கூட்டத்தில் உட்காரலாம் என்பதற்காக ஒரு பெண் போராடிய இடம் அது. சுரம் ஒன்றாக இருப்பதன் பொருள் அங்கே வேறு.

நம் இசையில் ஏன் குரல்கள் பிரியவில்லை? மேல்நாட்டான் வளர்ந்தான், நாம் வளரவில்லை என்ற பேச்சை நான் ஏற்பதில்லை. காரணம் ராகத்திலேயே இருக்கிறது. நம் சுரம் புள்ளியாக நிற்பதில்லை, கமகத்தில் அசைகிறது. தோடியின் காந்தாரத்தை ஒருவர் அசைக்க, இன்னொருவர் அதற்கு மூன்றாவது சுரத்தை வேறொரு வேகத்தில் அசைத்தால் இரண்டும் மோதும். தோடியைவிட நேராக நிற்கும் சங்கராபரணத்தை எடுத்துக்கொண்டாலும் சிக்கல் தீர்வதில்லை. அதன் காந்தாரத்தை ஷட்ஜமாக வைத்தால் கிரகபேதத்தில் தோடி வந்துவிடும். அதாவது மூன்றாவது சுரத்தில் நின்று துணை பாடுகிறவர் ஒரு கணம் தன் இடத்தையே ஆதாரமாக நினைத்துவிட்டால், அவர் தோடி வீட்டுக்குள் போய்விடுவார். தம்பூரா நடுவில் உட்கார்ந்து ஷட்ஜத்தையும் பஞ்சமத்தையும் ஓயாமல் நினைவூட்டிக்கொண்டிருப்பது இப்படி யாரும் வழிதவறாமல் இருக்கத்தான். ராகத்தை ஆழமாக்க வேண்டும் என்று முடிவு செய்த இசை, குரலைப் பிரிக்கும் வழியைக் கைவிட்டது. இது ஒரு தேர்வு.

தேர்வுதான் என்பதற்கு முத்துசுவாமி தீட்சிதரே சாட்சி. சென்னைக்கு அருகே மணலியில் வாழ்ந்த காலத்தில் கம்பெனி பேண்டுகளின் இசையைக் கேட்டு, ஏறத்தாழ 40 நோட்டுஸ்வர சாகித்தியங்கள் இயற்றினார். தம்பி பாலுசுவாமி தீட்சிதர் வயலினைக் கற்று நம் இசைக்குள் கொண்டுவந்தார். மெட்டை எடுத்தார்கள், கருவியை எடுத்தார்கள். மெட்டுக்குக் கீழே ஓடிய மற்ற குரல்களை அங்கேயே விட்டுவிட்டார்கள். காதில் விழாமல் இருந்திருக்காது. தேவைப்படவில்லை.

தேவைப்பட்டவர்களும் இருந்தார்கள். தரங்கம்பாடியில் 1706இல் மிஷனரி சீகன்பால்க் இறங்கிய நாளிலிருந்து ஜெர்மானிய லூத்தரன் ஞானப்பாட்டு தமிழுக்குள் வரத் தொடங்கியது. பின்னால் வந்த மிஷனரி பப்ரிசியுஸ் 18ஆம் நூற்றாண்டில் ஏராளமான பாட்டுகளை மொழிபெயர்த்தார். பத்தாக் நாட்டுக்கு நொம்மென்சென் கொண்டுபோனதும் இதே ஊற்றின் தண்ணீர்தான். இங்கே அது அதற்கு ஒன்றரை நூற்றாண்டு முன்பே வந்துவிட்டது. ஆனால் இங்கே கதை வேறு திசையில் போயிற்று. தஞ்சையில் வேதநாயகம் சாஸ்திரியார் (1774–1864), சரபோஜி மன்னருடன் ஒரே பாதிரியாரிடம் படித்தவர், குறவஞ்சியும் கீர்த்தனையுமாக ராகத்தில் கிறிஸ்தவப் பாட்டை எழுதிக் குவித்தார். அன்றிலிருந்து தமிழ்ச் சபைகளில் இரண்டு புத்தகம், இரண்டு காது. பாமாலை என்றால் மேல்நாட்டு மெட்டு, எழுந்து நின்று, பார்ட்ஸ் பிரித்து, ஆர்கனோடு. கீர்த்தனை என்றால் ராகம், தாளம், எல்லோரும் ஒரே சுரம். ஒரே ஆராதனையில் பத்து நிமிட இடைவெளியில் இரண்டும் நடக்கும். ஆல்டோ அம்மாவும் கீர்த்தனையில் மற்றவர்களோடு சேர்ந்து ஒரே மெட்டைத்தான் பாடுவாள்.

பெங்களூரில் இந்த வழக்கத்துக்குக் கண்டோன்மென்ட்தான் தாய்வீடு. 1809இல் பட்டாளம் வந்தது. அதோடு வட ஆற்காட்டிலிருந்தும் சேலத்திலிருந்தும் சென்னையிலிருந்தும் தமிழர்கள் வந்தார்கள். அவர்களுக்கென 1840இல் புனித பவுல் ஆலயம் எழுந்தது. எம்.ஜி. சாலையில் சிலையாக நிற்கும் கிட்டெல், கன்னட அகராதி தந்தவர், ஏசுவின் கதையைக் கன்னட யாப்பில் பாட்டாக எழுதியவர். நம் சாஸ்திரியார் தமிழில் செய்ததை அவர் கன்னடத்தில் செய்ய முயன்றார். இப்படி இரு வழியும் இந்த ஊரில் அடுத்தடுத்த தெருவில் இருந்தன. ஆனால் பார்ட்ஸ் போட்டுப் பாடுவது சர்ச் வாசலைத் தாண்டவில்லை. டெனர் பாடும் மாமா வீட்டுக்கு வந்து ரேடியோவில் சினிமாப் பாட்டைக் கேட்டுக்கொண்டு சும்மா இருப்பார். கல்யாண வீட்டில் நாலு பேர் சேர்ந்தால் அந்த ஒத்திசையில் ஒரு தாலாட்டோ, கேலிப்பாட்டோ எழவில்லை. பத்தாக் ஆள் கோயில் ஒத்திசையைக் கள்ளுக்கடைக்குக் கொண்டுபோனான். நாங்கள் செருப்பைப் போல அதை வாசலிலேயே விட்டுவிட்டு வந்தோம். என் சொந்தச் சபைக்காரர்கள் மேல் எனக்குள்ள ஆதங்கம் இதுதான். அந்நியப் பாட்டு என்று நம்மை யாராவது சொன்னால் வருத்தப்படுகிறோம்; அதைச் சொந்தமாக்க நம் துக்கத்தையும் சிரிப்பையும் அதில் நாம் போடவே இல்லை.

வாசலுக்கு வெளியே கொண்டுவந்தவர்கள் வேறு வழியில் வந்தார்கள். இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசன் 1970களின் தொடக்கத்தில் மெட்ராஸ் யூத் கொயரைத் தொடங்கி, பாரதியின் பாட்டுகளைப் பல குரலில் பாடவைத்தார். இசைப் பயிற்சி இல்லாத தொழிலாளர்களையும் மாணவர்களையும் வரிசையில் நிறுத்தி, உனக்கு இந்தச் சுரம், அவருக்கு அந்தச் சுரம் என்று பிரித்துக் கொடுத்தார். 1988இல் லட்சத்தீவில் அவர் இறந்தார். சேர்ந்து பாடுவதை ஜனநாயகமாக நம் நாட்டில் கண்டவர்களில் அவருக்கு நிகர் சொல்வது கடினம். பண்ணைப்புரத்து பாவலர் வரதராஜனும் தம்பிகளும் பாவலர் பிரதர்ஸ் என்று கம்யூனிஸ்ட் மேடைகளில் ஊர் ஊராகப் பாடினார்கள். பத்தாக் மூவரின் தெருப்புழுதிக்கு நம்மிடம் மிக நெருங்கி வரும் குழு அது. அந்தத் தம்பிகளில் ஒருவர் 1976இல் 'அன்னக்கிளி'யோடு வந்தார். இளையராஜாவின் பாட்டுகளில் பின்னணிப் பெண்குரல்கள் மெட்டுக்கு எதிராக நடந்து, மெட்டையே புதிதாகக் காட்டும். தமிழ்நாட்டுப் பெருந்திரள் மக்கள் குரல் பிரிவதைப் பரவலாக ரசித்தது அங்கேதான். பெயர் மட்டும் இன்னும் 'கோரஸ்'. பாடியவர்கள் பெயர் ஒலிநாடா உறையில் பெரும்பாலும் வந்ததில்லை.

மேல்நாட்டு மிஷன் வந்துதான் இந்தியாவில் குரல் பிரிந்தது என்றும் சொல்லிவிடக் கூடாது. நாகாலாந்தின் ஃபேக் கிராமத்தில் வயல் வேலைக் குழுக்கள் 'லி' என்னும் பாட்டுகளைப் பல குரலில் பாடுகின்றன. அனுஷ்கா மீனாட்சியும் ஈஸ்வர் ஸ்ரீகுமாரும் எடுத்த 'கோ கி பா லூ' (2017) என்ற ஆவணப்படத்தில் அதைக் காணலாம். மலைச்சரிவின் படிக்கட்டு வயலில் இரு பிரிவாக நின்று நாற்று நடுகிறார்கள், ஒரு பிரிவு நீட்டிய சுரத்தின் மேல் இன்னொரு பிரிவு ஏறுகிறது, மண்வெட்டி தாளம். அங்கே கேட்பவர் என்று தனியே யாரும் இல்லை. பாடாமல் வேலை நடக்காது. இன்று பெங்களூரில் வேலைக்கும் படிப்புக்கும் வந்திருக்கும் நாகா, மிசோ, காசி இளைஞர்கள் ஞாயிறு காலையில் வாடகை மண்டபங்களில் பாடுவதை வெளியே நின்று கேட்டால், ஒத்திசை ஒரு மக்களுக்குத் தாய்மொழி ஆகிவிட்டால் எப்படியிருக்கும் என்று தெரியும். ஒருவர் தொடங்குவார், மற்றவர்கள் தாள் பார்க்காமலேயே அவரவர் சுரத்துக்குப் போய்ச் சேர்ந்துவிடுவார்கள்.

எங்கள் கொயரில் அப்படி நடக்காது, நோட்டு வேண்டும். இங்கிலாந்தில் ஜான் கர்வன் பரப்பிய டானிக் சோல்ஃபா முறை மிஷனரிகள் வழியாகத் திருநெல்வேலிக்கும் பெங்களூருக்கும் வந்தது. டோ-ரே-மியின் முதலெழுத்துகளும், தாளத்துக்கு முக்காற்புள்ளிகளும், நீட்டலுக்குச் சிறுகோடுகளும். ஐந்து கோடு படிக்கத் தெரியாத டைப்பிஸ்டுகளும் டீச்சர்களும் மில் தொழிலாளர்களும் இதை வைத்துக்கொண்டு நான்கு குரல் பாடினார்கள். அவரவர் குரலுக்கு உரியதை மட்டும் தனி நோட்டில் எழுதிக்கொள்வார்கள். அந்த நோட்டுகள் இப்போது பழைய பேப்பர்காரரிடம் போய்க்கொண்டிருக்கின்றன. சபைகள் கல்வெட்டுகளையும் ஞானஸ்நானப் பதிவேட்டையும் காப்பாற்றுகின்றன. ஒரு நகரத்துத் தமிழர்கள் நூறு வருஷம் எப்படிச் சேர்ந்து பாடினார்கள் என்பதற்கான கையெழுத்துச் சான்று அலமாரியின் அடியில் செல்லரித்துக் கிடக்கிறது. யாராவது அவற்றைச் சேகரிக்க வேண்டும். நான் எங்கள் தெருவில் தொடங்கியிருக்கிறேன்.

அம்மாவின் நோட்டு என்னிடம் இருக்கிறது. நீல மை, நாற்பது பக்கம், முழுக்க ஆல்டோ. முதல் வரி தமிழில் எழுதியிருப்பதால்தான் எந்தப் பாட்டு என்று தெரிகிறது; மற்றபடி மெட்டு தெரிந்தவர்களும் இதைப் பார்த்துப் பாட்டைக் கண்டுபிடிக்க முடியாது. இருபத்திரண்டாம் பக்கத்தில், மூன்றாம் அடியில், முதன்மை மெட்டைப் பாடும் சோப்ரானோ மேலே ஏறி இறங்கும் நேரமெல்லாம் ஆல்டோவுக்கு ஒரே சுரம். எட்டு எண்ணிக்கை. அந்த எட்டையும் சேர்த்து அம்மா பென்சிலால் வட்டம் போட்டு, பக்கத்தில் எழுதியிருக்கிறாள்: 'இங்கே அசையாதே.'